நாலு பேர் அறையில் ஐந்தாவது ஆள்

ஓடைக்கரைப்பட்டியில் நாலு பேர் சேர்ந்து உட்கார்ந்து வேலை செய்தால் படத்தில் ஐந்து பேர் தெரிகிறார்கள் என்ற விஷயம் ஒரு தை மாதத்து வியாழக்கிழமை சாயங்காலம், ரேஷன் கடைச் சுவரில் கட்டியிருந்த வெள்ளை வேட்டியில், ஊர்க்காரர்கள் முப்பது நாற்பது பேர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே வெளியே வந்தது. அதைப் பார்த்து யாரும் எழுந்து ஓடவில்லை, யாருக்கும் மயக்கம் வரவில்லை, முன்வரிசையில் உட்கார்ந்திருந்த பூமயில் மட்டும் கழுத்தை நீட்டிப் பார்த்துவிட்டு, "சீனி மதினி மெலிஞ்சு போயிட்டாகளே" என்றாள்.

படத்தை எடுத்தவள் ஞானசௌந்தரி. முப்பத்தெட்டு வயது, மதுரைப் பக்கம், தோளில் ஒரு கேமரா, முதுகில் ஒரு பை. எந்த டிவிக்காரனும் அவளுக்குச் சம்பளம் தரவில்லை, எந்தக் கம்பெனியிடமும் அவள் போய் நிற்கவில்லை, காசு கொடுத்தவன் சொல்கிற இடத்தில் வெட்டவேண்டி வரும் என்று அவளுக்கு ஒரு பயம். ஆற்றுமணல் போன கதையை ஒரு படமாக எடுத்தாள், நூற்பாலை விடுதிகளில் பூட்டிவைக்கப்பட்ட பெண்களைப் பற்றி ஒரு படம் எடுத்தாள், அவற்றைச் சங்கக் கட்டடங்களிலும் கல்யாண மண்டபத்துச் சாப்பாட்டுக் கூடங்களிலும் போட்டுக்காட்டினாள், பார்த்தவர்கள் நல்லா இருக்கு என்று சொல்லிவிட்டு மறந்தார்கள், அவள் அடுத்த படத்துக்குக் கிளம்பினாள். போ என்றால் நிற்பாள், நில் என்றால் உட்கார்ந்துகொள்வாள், அப்படி ஒரு பிறவி. அவளிடம் ஒரு வழக்கம் உண்டு, அன்றன்றைக்கு எடுத்ததை அன்றன்றைக்குச் சாயங்காலமே எடுக்கப்பட்டவர்கள் முன்னால் போட்டுக்காட்டுவாள், அவர்கள் வேண்டாம் என்று சொன்னால் அங்கேயே அழித்துவிடுவாள். அந்த வழக்கம் இல்லாவிட்டால் இந்தக் கதை நடந்திருக்காது.

ஊரிலிருந்து எட்டு மைல் தள்ளி, கரிசல் காட்டுக்கு நடுவில், ஒரு பட்டாசு ஆலை இருக்கிறது. ஆலை என்றதும் பெரிய கட்டடம் என்று நினைக்கவேண்டாம், ஒன்றுக்கொன்று தள்ளித்தள்ளி, நாலு பக்கமும் வாசல் வைத்த சின்னச்சின்ன அறைகள், ஒன்று வெடித்தால் அடுத்ததாவது பிழைக்கட்டும் என்று கட்டியவை. ஒவ்வொரு அறையின் நெற்றியிலும் பெயிண்டால் எழுதியிருக்கும், ஆள் அளவு நாலு என்று. அது சட்டம். தீபாவளிச் சரக்கு முடியவேண்டும் என்று வருஷம் முழுக்கச் சட்டத்துக்கு மேல் ஒருத்தியை உட்காரவைப்பார்கள், அந்த ஐந்தாவது ஆளுக்கு எந்தப் புத்தகத்திலும் பெயர் இருக்காது, அதிகாரிகள் வண்டி வருகிறது என்றால் அவள் எழுந்து பின்பக்கமாக ஓடி வேலிக்காத்தான் புதருக்குள் உட்கார்ந்துகொள்ளவேண்டும், வண்டி போனதும் திரும்பி வந்து விட்ட இடத்திலிருந்து வெடிமருந்து அடைக்கவேண்டும். சீனியம்மாள் மூன்று வருஷம் அப்படி ஐந்தாவது ஆளாக இருந்தாள்.

அந்தத் தை மாதத்துக்கு முந்தின ஆவணியில் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பதினொன்றரை மணிக்குப் பதினேழாம் அறை வெடித்தது. கிடைத்ததையெல்லாம் சேகரித்து, நாலாகப் பிரித்து, நாலு வெள்ளைத்துணியில் கட்டி, நாலு வீட்டுக்குக் கொடுத்தார்கள். ஐந்தாவது வீட்டுக்குக் கொடுக்க ஒன்றும் இருக்கவில்லை.

சீனியம்மாளின் புருஷன் லிங்கராசு, கமிஷன் மண்டியில் மூட்டை தூக்குகிறவன், ஆலை வாசலில் மூன்று நாள் நின்றான். போர்மேன் திருமேனி வெளியே வந்து அவன் தோளில் கையை வைத்து, "உங்க வீட்டம்மா அன்னைக்கு வேலைக்கே வரலையேப்பா, வேற எங்கயும் போனாகளான்னு நல்லா விசாரிச்சுப் பாரு" என்றார். போலீசில் காணவில்லை என்று எழுதிக்கொண்டார்கள். காணாமல் போனவளை ஊர் சும்மா விடுமா, புரட்டாசியில் யாரோ அவளை டவுன் பஸ் ஸ்டாண்டில் பார்த்ததாகச் சொன்னார்கள், ஐப்பசியில் ஒரு லாரி டிரைவர் வந்து சேர்ந்தான், கார்த்திகை பிறப்பதற்குள் இரண்டு பேரும் நாமக்கல்லில் குடித்தனமே வைத்துவிட்டார்கள். மண்டியில் கூட மூட்டை தூக்கியவர்கள் லிங்கராசு காதுபடவே சிரித்தார்கள்.

அன்று காலை கம்பெனி வண்டியில் அவளோடு போன இருபத்திரண்டு பெண்களுக்கும் உண்மை தெரியும். பக்கத்தில் இடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்த பூமயிலுக்கு எல்லாரையும்விட நன்றாகத் தெரியும். ஆனால் போலீஸ்காரர் கேட்டபோது, "நான் கவனிக்கல சார்" என்றாள் அவள், மற்ற இருபத்தோரு பேரும் அதையே சொன்னார்கள். ஐந்தாவது ஆள் இருந்தது வெளியே தெரிந்தால் லைசென்ஸ் போய்விடும், லைசென்ஸ் போனால் அந்த வானம் பார்த்த பூமியில் அடுப்பு எரிய வேறு வழி கிடையாது. அவர்களைத் திட்ட எனக்கு வாய் வரவில்லை, ஆனால் செய்தது சரி என்று சொல்லவும் மாட்டேன்.

சௌந்தரி அந்த ஊருக்கு வந்தபோது பட்டாசு என்று வாயெடுத்தாலே எல்லாரும் எழுந்து போனார்கள். லிங்கராசு ஒருவன்தான் உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தான்.

"எனக்கு நஷ்டஈடு ஒண்ணும் வேண்டாம் தங்கச்சி" என்றான். "அவ செத்துட்டான்னு ஒரு பேப்பர் வேணும். ஓடிப்போகலை, வேலைக்குப் போன இடத்துல செத்தான்னு எழுதிக் குடுக்கட்டும். ரெண்டு வாட்டி மனுப் போட்டேன், ஆதாரம் இல்லைன்னு திருப்பி விட்டுட்டாக."

"வாங்கித் தர்றேன் அண்ணே" என்றாள் சௌந்தரி. எப்படி வாங்குவாள் என்று அவளுக்கே தெரியாது, ஆனால் சொல்லிவிட்டாள், சொன்னதை மாற்றிக்கொள்ளும் பழக்கம் அவளுக்கு இல்லை.

ஒருவரும் பேசாவிட்டால் போகிறது, வேலை செய்வதையாவது எடுக்கிறேன் என்று அவள் பூமயில் வீட்டுக்குப் போனாள். அங்கே பூமயிலும் இன்னும் மூன்று பெண்களும் பட்டாசுக்குக் காகிதக் குழாய் உருட்டிக்கொண்டிருந்தார்கள், அதை ஒரு மணி நேரம் எடுத்தாள். அன்று சாயங்காலம் வேட்டியில் படம் விழுந்தபோது அந்த நாலு பேருக்கு நடுவில், செத்த அன்று கட்டியிருந்த அதே மஞ்சள் கரை போட்ட நீலப் புடவையில், தலையைத் துண்டால் இறுக்கிக் கட்டிக்கொண்டு, சீனியம்மாள் உட்கார்ந்து குழாய் உருட்டிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்க்கவில்லை, பேசவில்லை, கை மட்டும் போய்க்கொண்டே இருந்தது. பூமயில் வீட்டுக்கு ஓடிப்போய்க் குழாய்க் குவியலைப் பார்த்தார்கள், நாலு பேர் உருட்டியதற்கு மேல் இன்னொரு ஆள் உருட்டிய அளவு கூடுதலாக இருந்தது.

கூட்டத்துக்குப் பின்னால் நின்றிருந்த லிங்கராசு மெதுவாக முன்னால் வந்து, தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, "இன்னொரு வாட்டி போடுங்க தங்கச்சி" என்றான். அன்றைக்கு ஆறு தடவை போட்டாள்.

அதற்குப் பிறகு ஊர் இதைப் பழகிக்கொண்டது, மழைக்குப் பழகுவதுபோல. பெண்கள் குழாய் உருட்ட உட்காரும்போது ஒரு ஆளுக்கு இடம் விட்டு உட்கார்ந்தார்கள், டீ போட்டால் ஐந்து டம்ளரில் ஊற்றினார்கள், ஐந்தாவது டம்ளரை யார் குடிப்பது என்று முதல் வாரம் சண்டை வந்து, பிறகு முறை போட்டுக்கொண்டார்கள். யாருக்கு என்ன நடந்தது என்று அவளுக்குச் சேதி சொன்னார்கள், அவள் வீட்டு ஆடு குட்டி போட்டதை, தெற்குத் தெருவில் குழாயடிச் சண்டை நடந்ததை, மழை ஏமாற்றிவிட்டதை எல்லாம் காலி இடத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டு, சாயங்காலம் வேட்டியில் அவள் முகம் மாறுகிறதா என்று பார்த்தார்கள், ஆடு குட்டி போட்டதைச் சொன்ன இடத்தில் கொஞ்சம் மாறியதாகப் பூமயில் சத்தியம் செய்தாள்.

ஊர்க்காரர்கள் சோதித்தும் பார்த்தார்கள். கிணறு தூர்வாரிய நாலு ஆண்களைச் சௌந்தரி எடுத்தாள், சீனியம்மாள் அவர்களோடு வடத்தைப் பிடித்து இழுத்துக்கொண்டு நின்றாள், அன்றிலிருந்து அந்த ஆண்கள் வேலை நேரத்தில் கெட்ட வார்த்தை பேசுவதை விட்டார்கள். பள்ளிக்கூடத்தில் நாலு வாத்தியார்கள் பரீட்சைத்தாள் திருத்தினார்கள், அவள் வந்து தாள்களை அடுக்கிக் கொடுத்தாள். புளியமரத்தடியில் நாலு பேர் சீட்டாடியதைச் சௌந்தரி எடுத்தாள், சீனியம்மாள் வரவில்லை, அது வேலை இல்லை என்று எல்லாரும் ஒத்துக்கொண்டார்கள். பஞ்சாயத்துத் தலைவரும் மூன்று உறுப்பினர்களும் ஆபீசில் உட்கார்ந்து ஒரு மணி நேரம் கையெழுத்துப் போட்டதை எடுத்தாள், அப்போதும் சீனியம்மாள் வரவில்லை, அதைப் பற்றி ஊர் ஒன்றும் பேசவில்லை, பேசாமலே சிரித்துக்கொண்டது.

நாமக்கல் பேச்சு மட்டும் நிற்கவில்லை. ஓடிப்போனவள் இங்கே எப்படி வருகிறாள் என்று சௌந்தரி கேட்டால், "அங்க இருந்துக்கிட்டே வர்றாளோ என்னமோ" என்றார்கள், ஒரு பொய்யை ஆறு மாதம் சுமந்துவிட்டால் அதை இறக்கிவைக்க இடம் கிடைப்பது லேசில்லை.

கேமரா ஓடினால் கூலி கேட்காத ஆள் ஒன்று வேலைக்கு வருகிறது என்ற சேதி எட்டு மைல் தாண்டி ஆலைக்குப் போகாமல் இருக்குமா. மாசி முடிவதற்குள் திருமேனி மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கி, அதுவரை கேமரா என்ற சொல்லைக் கேட்டாலே கேட்டைச் சாத்தியவர், "நம்ம ஆலைக்கும் வந்து எடுங்கம்மா, முதலாளி ஆசைப்படுறாரு, எத்தனை நாள் வேணும்னாலும் எடுங்க" என்றார். உள்ளே போக வேறு வழி கிடையாது, அந்த வழியில் போனால் செத்தவளை மறுபடி சும்மா வேலை வாங்க அவளே துணைபோவதாகும். அவள் லிங்கராசுவிடம் போய் மறைக்காமல் சொன்னாள்.

"உள்ள போகணும்னா உங்க வீட்டம்மா அவங்களுக்கு ஓசியில வேலை செய்யணும் அண்ணே. நீங்க வேண்டாம்னா நான் போகலை."

"உசுரோட இருந்தப்பவும் ஏமாத்தித்தான் வாங்குனாக" என்றான் லிங்கராசு. "போங்க தங்கச்சி. போயி எல்லாத்தையும் எடுங்க, ஒண்ணு விடாம எடுங்க."

பங்குனியில் போனவள் நாற்பது நாள் எடுத்தாள். காலையில் பெண்களோடு கம்பெனி வண்டியில் ஏறி, செருப்பைக் கேட்டில் கழற்றிவிட்டு, சூடான மண்ணில் வெறுங்காலோடு அறை அறையாகப் போனாள், அறைக்குள் கால் வைக்க விடாததால் வாசலுக்கு அப்பால் வெயிலில் நின்றே எடுத்தாள். சீனியம்மாள் வரவேண்டும் என்பதற்காக ஒவ்வொரு அறையிலும் எண்ணி நாலே பேரை உட்காரவைத்தார்கள், அந்த ஆலையில் சட்டப்படி நாலு பேர் உட்கார்ந்தது அப்போதுதான் முதல் தடவை.

ஆனால் மருந்து விஷயத்தில் ஒரு சிக்கல் வந்தது. மருந்து அறையிலிருந்து ஒரு டப்பா வெளியே போகவேண்டும் என்றால் யார் பெயருக்குப் போகிறது என்று புத்தகத்தில் எழுதவேண்டும், அதில் திருமேனி மகா கெட்டி, முன்பெல்லாம் ஐந்தாவது ஆளின் மருந்தை மற்ற நாலு பேர் தலையில் பிரித்து எழுதிவிடுவார். இப்போது ஒன்பதாம் அறையில் அப்படி எழுதப்போனபோது பூமயில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

"எங்க பேர்ல எழுதாதீங்க அண்ணாச்சி. நாங்க தொடாத மருந்துக்கு நாங்க பொறுப்பில்லை. யாரு அடைக்கிறாகளோ அவுக பேர்லயே எழுதுங்க."

மற்ற மூன்று பேரும் தலையாட்டினார்கள். வேலை நின்றுபோயிற்று. திருமேனி யோசித்தார், நாமக்கல்லில் குடித்தனம் நடத்துகிறவள் பெயரை எழுதினால் யார் வந்து கேட்கப்போகிறார்கள் என்று அவருக்குத் தோன்றியிருக்கவேண்டும், அதோடு சௌந்தரியின் கேமரா அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது, கேமரா பார்க்கும்போது மனிதனுக்கு முதுகு தானாக நிமிர்ந்துவிடுகிறது. புத்தகத்தை அவளுக்குக் காட்டும்படி திருப்பிவைத்து, "இதையும் எடுத்துக்குங்கம்மா, இருபத்தாறு வருசத்துல என் புத்தகத்துல பேரில்லாம ஒரு துளி மருந்து வெளிய போனதில்லை" என்று சொல்லி, குண்டுகுண்டான கையெழுத்தில் எழுதினார்: சீனியம்மாள், க/பெ லிங்கராசு, ஓடைக்கரைப்பட்டி, அறை எண் ஒன்பது. கீழே தேதி போட்டு, ஆலை முத்திரையைக் குத்தி, மை காய ஊதினார். நாற்பது நாளும் அப்படியே எழுதினார், நாற்பது நாளும் அவள் எடுத்தாள், சாயங்காலம் வேட்டியில் எல்லாரும் பார்த்தார்கள், எழுதிய கையெழுத்து அழகாக இருப்பதாகத் திருமேனியிடம் சொல்லியும் அனுப்பினார்கள்.

சித்திரையில் லிங்கராசு மூன்றாவது தடவை மனுப் போட்டான். இந்த முறை படமும் சேர்ந்து போயிற்று. ஆடி மாதம் ஒரு திங்கட்கிழமை காலை பத்து மணிக்குத் தாலுகா ஆபீசில் விசாரணை வைத்தார்கள். அதிகாரி ஐம்பது வயது அம்மாள், கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு, தேடும்போதெல்லாம் மேஜையில் தேடுகிறவர். ஒரு பக்கம் லிங்கராசுவும் சௌந்தரியும், இன்னொரு பக்கம் கம்பெனி வக்கீலும் திருமேனியும், பின்னால் பெஞ்சில் அந்த இருபத்திரண்டு பெண்கள். சுவரில் படம் ஓடியது. ஒன்பதாம் அறையில் நாலு பேரும், நடுவில் நீலப் புடவையில் சீனியம்மாளும்.

வக்கீல் எழுந்தார், சந்தோஷமாகவே எழுந்தார். "அம்மா, அவங்க இறந்துட்டாங்கன்னு மனு. ஆனா மனுதாரர் கொண்டுவந்த படத்துலயே பங்குனி மாசம் அந்தம்மா நல்லா உட்கார்ந்து வேலை பார்க்கறாங்க. உயிரோட இருக்கறவங்களுக்கு எப்படி இறப்புப் பதிவு பண்றது?"

"வேலை பார்க்கறாங்கன்னா, யார்கிட்ட?" என்றார் அதிகாரி.

"எங்ககிட்ட இல்லைங்க. வேடிக்கை பார்க்க வந்து உட்கார்ந்திருக்கலாம்."

சௌந்தரி அடுத்த துண்டைப் போட்டாள். சுவரில் திருமேனி முதுகை நிமிர்த்தி, புத்தகத்தைத் திருப்பிவைத்து, இருபத்தாறு வருஷத்துப் பெருமையைச் சொல்லி, பெயரை எழுதி, முத்திரை குத்தி, மையை ஊதினார். கீழே உட்கார்ந்திருந்த திருமேனி தன் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்போ உங்க தொழிலாளிதான்" என்றார் அதிகாரி. "அந்த அறைக்கு ஆள் அளவு எவ்வளவு?"

"நாலுங்க."

"சுவத்துல எண்ணிச் சொல்லுங்க."

வக்கீல் எண்ணவில்லை. குரலை மாற்றிக்கொண்டு, படத்தில் மட்டும் தெரிகிறவரை ஆள் என்று எடுத்துக்கொள்ள முடியாது, அப்படி மட்டும் தெரிகிறார் என்றால் உயிரோடு இல்லை என்றுதான் அர்த்தம் என்றார்.

"சரி, உயிரோட இல்லை. எப்போ இறந்தாங்க?"

"அது எங்களுக்கு எப்படிங்க தெரியும்? எங்கயோ, எப்பவோ. விபத்து நடந்த அன்னைக்கு அவங்க வேலைக்கு வரலை. வந்ததைப் பார்த்தவங்க ஒருத்தர் இல்லை. இதோ இருபத்திரண்டு பேர் போலீசுல சொன்ன வாக்குமூலம்."

அதிகாரி கண்ணாடியைத் தேடுவதை நிறுத்திவிட்டு பெஞ்சைப் பார்த்தார். பூமயிலுக்குத் தெரியும், எழுந்தால் ஆலை மூடும், ஆலை மூடினால் தன் வீட்டிலும் பக்கத்து வீட்டிலும் நாளைக்கு என்ன ஆகும் என்று தெரியும், அதைத் தெரிந்துகொண்டேதான் அவள் எழுந்தாள்.

"நான் பாத்தேன்" என்றாள். "வண்டியில என் பக்கத்துலதான் உக்காந்து வந்தாக. தூக்குச்சட்டியில புளிச்சோறு இருந்துச்சு, மத்தியானம் உனக்குப் பாதி தாரேன்னாக. பதினேழாம் அறைக்குள்ள போனதையும் பாத்தேன். போலீசுகிட்ட பாக்கலைன்னு சொன்னது பொய். அந்தப் பொய்யோட ஆறு மாசமா அவுக பக்கத்துல உக்காந்து குழாய் உருட்டுறேன், ஒரு நாளாவது என்னைய நிமிர்ந்து பாத்துத் திட்டுவாகன்னு பாக்கேன், திட்ட மாட்டேங்காக. இனிமே என்னால முடியாதும்மா. எழுதிக்குங்க."

அவளுக்குப் பிறகு ஒருத்தி எழுந்தாள், பிறகு இரண்டு பேர், பிறகு வரிசையாக. இருபத்திரண்டு பேரில் பதினாலு பேர் எழுந்தார்கள். எட்டுப் பேர் எழவில்லை, அவர்கள் பெயரை நான் சொல்லப்போவதில்லை.

எல்லாவற்றையும் எழுதி முடித்துவிட்டு அதிகாரி லிங்கராசுவைக் கூப்பிட்டார். "பதினேழாம் அறையில, விபத்துல இறந்தாங்கன்னு பதிவு பண்றேன். உங்களுக்குச் சம்மதம்தானே?"

அதற்குத்தான் அவன் ஒரு வருஷமாக அலைந்தான். ஆனால் ஆறு மாதமாக ஒரு சாயங்காலம் விடாமல் அவன் அந்த வேட்டிக்கு முன்னால் உட்கார்ந்து பெண்டாட்டி முகத்தைப் பார்த்திருக்கிறான். இறந்தாள் என்று எழுதிவிட்டால் அவள் இனி வரமாட்டாள் என்று யாரும் அவனுக்குச் சொல்லவில்லை, ஆனால் அந்த அறையில் இருந்த எல்லாருக்கும் அது தெரிந்திருந்தது. சௌந்தரி எடுப்பதை நிறுத்தவில்லை, அவள் கண்ணிலிருந்து வழிந்தது கேமரா மேல் விழுந்தது, துடைக்கக் கையை எடுத்தால் படம் ஆடும் என்று அப்படியே விட்டாள். லிங்கராசு சுவரில் நின்றுபோயிருந்த படத்தை ஒரு தடவை பார்த்துக்கொண்டான்.

"எழுதுங்கம்மா" என்றான். "அவ உழைச்சது போதும். எழுதுங்க."

மறுநாள் பூமயில் வீட்டில் நாலு பேர் உட்கார்ந்து வேலை செய்ததைச் சௌந்தரி எடுத்தாள். சாயங்காலம் வேட்டியில் நாலு பேர்தான் இருந்தார்கள். கடைசிவரை பார்த்துவிட்டு எல்லாரும் பாயைச் சுருட்டிக்கொண்டு எழுந்துபோனார்கள். அந்த வாரமே ஆலைக்கு சீல் வைத்தார்கள். இரண்டு மூன்று வீடுகளில் பூமயிலை வாய்க்கு வந்தபடி திட்டினார்கள், அவளும் விடாமல் பதிலுக்குத் திட்டிவிட்டு, மண்வெட்டியை எடுத்துக்கொண்டு ரோட்டு வேலைக்குப் போனாள்.

பத்து நாள் கழித்துப் பேப்பர் வந்தது. லிங்கராசு வெள்ளை வேட்டி கட்டி, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, "வாங்க தங்கச்சி, கேமராவை எடுத்துக்கிட்டு வாங்க" என்று சௌந்தரியைக் கூப்பிட்டான். வடக்குத் தெரு முதல் வீட்டில் ஆரம்பித்தான். வாசலில் நின்று, வீட்டுக்காரர்கள் வெளியே வரும்வரை காத்திருந்து, கோபமில்லாத குரலில், பள்ளிக்கூடத்துப் பிள்ளை பாடம் வாசிப்பதுபோல் வாசித்தான். "பெயர் சீனியம்மாள். வயது முப்பத்துநாலு. இறந்த இடம் பட்டாசு ஆலை, அறை எண் பதினேழு. தொழில், தொழிலாளி." வாசித்து முடித்ததும் பேப்பரை மடித்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போனான். டீக்கடையில் வாசித்தான், அரைமணி நேரம் பஸ் ஏறிப்போய் மண்டியில் மூட்டைகளுக்கு நடுவில் நின்று வாசித்தான், சிரித்தவர்கள் தலையிலிருந்த துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்கள். எழாத எட்டுப் பேர் வீட்டிலும் வாசித்தான், ஒரு சொல் கூட்டவில்லை, ஒரு சொல் குறைக்கவில்லை.

பூமயில் வீட்டுக்கு வந்தபோது பொழுது சாய ஆரம்பித்திருந்தது. அவளுக்குத் தெரியாதது அந்தப் பேப்பரில் ஒன்றும் இல்லை, இருந்தாலும் அவன் வாசிக்க வாசிக்க அவள் வாசற்படியில் சரிந்து உட்கார்ந்தாள், தலைமயிரை அவிழ்த்துவிட்டாள், இரண்டு கையாலும் நெஞ்சில் அடித்துக்கொண்டாள்.

"ஏ மதினி, அஞ்சாவதா உக்காந்தியே, ஆளோட ஆளா எண்ணலையே. நாலு வீட்டுக்குத் துணி வந்துச்சே, உன் வீட்டுக்கு வரலையே. பாத்தவ நான் இருந்தும் பாக்கலைன்னு சொன்னேனே."

தெரு முழுக்கக் கதவுகள் திறந்தன. பெண்கள் ஒவ்வொருத்தியாக வந்து, அவளைக் கட்டிக்கொண்டு, வட்டமாக உட்கார்ந்து, சாவு வீட்டில் அழுகிற மாதிரி அழுதார்கள், நாமக்கல் கதை சொன்னவர்கள் அழுதார்கள், எழாத எட்டுப் பேரும் வந்து ஓரமாக உட்கார்ந்து அழுதார்கள், யாரோ ஒருத்தி ஓடிப்போய் ஒரு மாலை வாங்கிவந்து எங்கே போடுவது என்று தெரியாமல் லிங்கராசு கையில் இருந்த பேப்பரின் மேல் போட்டாள். லிங்கராசு முதல்முறையாக வாய்விட்டு அழுதான். சௌந்தரி ஒரு கணம் தயங்கிக் கேமராவை இறக்கப்போனாள்.

"நிப்பாட்டாதீங்க தங்கச்சி" என்றான் அவன் அழுதுகொண்டே. "எடுங்க."

இரண்டு மணி நேரம் எடுத்தாள், ஒரு நொடிகூட வெட்டாமல் அதைப் படத்தில் வைத்தாள். அந்தப் படம் இப்போது ஊர் ஊராகப் போகிறது, சங்கக் கட்டடங்களிலும் சாப்பாட்டுக் கூடங்களிலும் ஓடுகிறது. போன மாதம் ஒரு பெரிய திரைப்பட விழாக்காரர்கள் கூப்பிட்டு, எல்லாம் பிரமாதம், கடைசி அழுகையை மட்டும் பத்து நிமிஷமாகக் குறைத்துக் கொடுத்தால் போடுகிறோம் என்றார்கள்.

சௌந்தரி படம் இருந்த குறுந்தட்டை மறுபடி பைக்குள் வைத்தாள். "அந்தப் பொம்பளைக்காகப் பதினோரு மாசம் யாரும் அழலை சார்" என்றாள். "ரெண்டு மணி நேரம் உட்கார முடிஞ்சா சொல்லி அனுப்புங்க, வர்றேன்."